பூனைக்கு நகம் வெட்டியது யார் என்பது பற்றி

பெயர், தகப்பனார் பெயர், விலாசம் மூன்றையும் முன்பக்கத்துப் படிவத்தில் என் கையாலேயே நிரப்பியிருக்கிறேன். வயது அறுபத்தெட்டு. கணவர் இல்லை. படிப்பு ஐந்தாம் வகுப்பு. வகுப்பில் இரண்டாவதாகத் தேறினேன். மகன் வீட்டில் இருக்கிறேன். நீங்கள் சொல்லுங்கள் நான் எழுதிக்கொள்கிறேன் என்று இந்தப் போலீஸ் நிலையத்து ரைட்டர் ஐயா சொன்னார். நான் சொல்லி அடுத்தவர் எழுதி ஒரு தடவை ஆகிவிட்டது, இந்தத் தடவை நானே எழுதுகிறேன் என்று கேட்டு இந்தத் தாள்களை வாங்கிக்கொண்டேன்.

கடந்த செவ்வாய்க்கிழமை மாலை ஆஸ்பத்திரி வராந்தாவில் வைத்து நான் ஒரு வாக்குமூலம் கொடுத்துக் கையெழுத்துப் போட்டேன். அதில், பூனைக்கு நகம் வெட்டி என் பேத்தியின் முகம் கிழியக் காரணமானவள் குழந்தையைப் பார்த்துக்கொள்ள வரும் பெண்தான் என்று இருக்கிறது. அது பொய். அந்தப் பொய்யின் பேரில் அவளை நேற்றும் இன்றும் நிலையத்துக்கு வரவழைத்து உட்கார வைத்திருக்கிறீர்கள். வழக்குப் பதிவானால் இனி எந்த வீட்டிலும் அவள் கையில் குழந்தையைக் கொடுக்க மாட்டார்கள் என்று என் மகன் சொன்னான். அதனால் நடந்ததை வரிசையாக எழுதுகிறேன்.

என் மகன் லிஃப்ட் பழுது பார்ப்பவன். மருமகள் மூக்குக்கண்ணாடிக் கடையில் வேலை செய்கிறாள். பேத்திக்கு நாலு வயது. இருவரும் காலை எட்டு மணிக்குக் கிளம்பினால் ஆறு மணிக்குத்தான் வருவார்கள். எனக்கு முழங்கால் வலி, குழந்தையின் பின்னால் ஓட முடியாது என்று மருமகள் சொல்லி, எட்டு மாதத்துக்கு முன்பு அந்தப் பெண்ணை வைத்தார்கள். நான் வேண்டாம் என்றேன். பெண்ணுக்கு வயது இருபத்து மூன்று. அதற்கு முன் இரண்டு வருடம் கால்நடை ஆஸ்பத்திரியில் கூட்டிப் பெருக்கும் வேலை செய்திருக்கிறாள்.

வீட்டில் ஒரு பூனை உண்டு. ஒரு வேலையும் செய்யாமல் சாப்பாட்டு நேரத்தில் மட்டும் வந்து சத்தம் போடும் என்பதால் மகன் அதற்கு முதலாளி என்று பெயர் வைத்தான். அதற்கு நகம் வெட்டுவது அந்தப் பெண்தான். இரண்டு வாரத்துக்கு ஒரு முறை, பூனை சாப்பிட்டு முடித்து ஜன்னல் வெயிலில் சொக்கிக் கிடக்கும்போது பக்கத்தில் போய் உட்காருவாள். துண்டில் சுற்றி மடியில் வைத்துக்கொண்டு ஒரே ஒரு காலை மட்டும் வெளியே எடுப்பாள். டார்ச் விளக்குப் பொத்தானை அமுக்குவது போல விரலை மேலும் கீழும் மெதுவாக அமுக்குவாள், நகம் தானாக வெளியே வரும். அதை வெளிச்சத்தில் பார்த்து, உள்ளே சிவப்புத் தெரிகிற இடத்துக்கு ரொம்பத் தள்ளி, கொக்கி போல வளைந்த நுனியை மட்டும் வெட்டுவாள். அதற்கென்றே ஆஸ்பத்திரியில் கொடுத்த சின்னக் கத்தரி வைத்திருந்தாள். பூனை காலை இழுத்தால் அன்றைக்கு அவ்வளவுதான், விட்டுவிடுவாள். நாலு கால் முடிய நாலு நாள் ஆகும். பக்கத்தில் ஒரு கிண்ணத்தில் சோளமாவு வைத்திருப்பாள். தப்பித் தவறி ரத்தம் வந்தால் அதில் விரலை அழுத்த வேண்டுமாம். அந்த மாவு ஒரு நாளும் தேவைப்பட்டு நான் பார்க்கவில்லை. இதையெல்லாம் நான் சமையலறை வாசலில் நின்று பார்த்திருக்கிறேன். தெரியாமல் செய்தேன் என்று நான் சொல்ல முடியாது என்பதற்காக இதை எழுதுகிறேன்.

ஒரு நாள் அவளிடம், "உன்னை வெச்சது பிள்ளையப் பாத்துக்க. நீ என்ன பூனைக்கு அழகு நிலையம் நடத்துறியா?" என்று கேட்டேன். அவள் சிரித்துவிட்டு, "வெட்டாம விட்டா நகம் வளைஞ்சு அது பாதத்துலயே குத்திக்கும் பாட்டிம்மா. வாங்க, நீங்களும் பக்கத்துல உக்காந்து பாருங்க, சொல்லித் தர்றேன்" என்றாள். அவள் மரியாதையாகத்தான் சொன்னாள். எனக்கு அது சுருக்கென்று இருந்தது.

அதன் பிறகு ஞாயிற்றுக்கிழமை மதியம் எல்லோரும் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது பூனை என் சேலையில் நகத்தை மாட்டி நூலை இழுத்துவிட்டது. கொடு, நான் வெட்டிவிடுகிறேன் என்று எழுந்தேன். மருமகள், "வேணாம் அத்தை, நாளான்னிக்கு அவ வந்து வெட்டட்டும். அவகிட்ட மட்டும்தான் முதலாளி கையக் காலக் காட்டும்" என்றாள். மகன், "முதலாளிக்கு அவதான் மேனேஜர்" என்றான். குழந்தை உட்பட எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். நாலு பிள்ளைகளுக்கும் என் கணவர் படுக்கையில் கிடந்த மூன்று வருடமும் அவருக்கும் நகம் வெட்டிவிட்டவள் நான். அதை அப்போது யாரும் நினைக்கவில்லை.

அதன் பிறகு செவ்வாய்க்கிழமை காலை பதினொரு மணிக்கு, துவைத்த துணிகளை மொட்டை மாடியில் காயப்போட்டு வரும்படி அந்தப் பெண்ணை அனுப்பினேன். அது அவள் வேலை இல்லை, நான்தான் தினமும் கொடியில் போடுவேன். பிள்ளையையும் கூட்டிப் போகட்டுமா என்று கேட்டாள். வேண்டாம், நான் பார்த்துக்கொள்கிறேன் என்றேன். அவள் படியேறிய பிறகு கதவை உள்ளே தாழ்ப்பாள் போட்டேன். அவள் திரும்பி வரும்போது நகம் வெட்டி முடித்திருக்க வேண்டும், என்னால் முடியும் என்று அவள் பார்க்க வேண்டும் என்பதே என் எண்ணம்.

அதன் பிறகு மகன் முகம் மழிக்கும் பெட்டியில் இருந்து மனிதர்களுக்கான நகவெட்டியை எடுத்தேன். பூனை அப்போது சாப்பிட்டுக்கொண்டிருந்தது. அதைப் பின்கழுத்தில் பிடித்துத் தூக்கி மடியில் வைத்து முழங்கையால் அமுக்கிக்கொண்டேன். துண்டு எடுக்கவில்லை. வெளிச்சத்துக்கும் போகவில்லை, சமையலறைத் தரையில்தான் உட்கார்ந்தேன். வலது முன்காலில் இரண்டு நகம் வெட்டினேன், சரியாக வந்தது. ஒரு கை போதவில்லை.

இந்த இடத்தை முன்பு நான் சொல்லவில்லை. பக்கத்தில் விளையாடிக்கொண்டிருந்த என் பேத்தியைக் கூப்பிட்டு, "அந்தப் பக்கத்துக் காலை நீ கெட்டியாப் பிடிச்சுக்கோ தங்கம், அக்கா வர்றதுக்குள்ள நாம ரெண்டு பேரும் முடிச்சிடலாம்" என்றேன். அவளும் சந்தோஷமாக வந்து குனிந்து இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள். அவள் முகம் பூனையின் காலுக்கு ஒரு ஜாண் தூரத்தில் இருந்தது.

அதன் பிறகு கட்டைவிரல் நகத்தை எடுத்தேன். அது கருப்பு நகம், உள்ளே ஒன்றும் தெரியவில்லை. பூனை திமிறியது. விட்டிருக்க வேண்டும். நான் விடாமல் அடியோடு சேர்த்து அமுக்கினேன். நகவெட்டி தட்டையாக இருந்ததால் நகம் பிளந்து உள்ளே இருந்த சதையும் சேர்ந்து வெட்டுப்பட்டது. பூனை கத்திக்கொண்டு உதறியதில் குழந்தை பிடித்திருந்த கால் அவள் கையை விட்டு வந்து முகத்தில் இழுத்தது. இடது கண்ணுக்குக் கீழே இருந்து கன்னம் வரை கிழிந்தது. பூனை பீரோவுக்கு அடியில் போய்விட்டது. நான் முதலில் நகவெட்டியைக் கழுவி அதன் பெட்டியில் வைத்தேன். குழந்தையை அதற்குப் பிறகுதான் தூக்கினேன்.

அலறல் கேட்டு அந்தப் பெண் மாடியில் இருந்து ஓடி வந்து கதவைத் தட்டினாள். திறந்தேன். ஒன்றும் கேட்காமல் தன் துப்பட்டாவை மடித்துக் குழந்தையின் கன்னத்தில் அழுத்திக்கொண்டு இறங்கினாள். ஆட்டோ பிடித்ததும் அவள்தான், ஆஸ்பத்திரியில் சீட்டு வாங்கியதும் அவள்தான். ஐந்து தையல் போட்டார்கள். கண்ணுக்கு ஒன்றும் இல்லை என்றார்கள். குழந்தை பக்கத்தில் யார் இருந்தது என்று டாக்டர் கேட்டார். "இவதான் பிள்ளையப் பாத்துக்கிறவ" என்றேன். அது பொய்யான வார்த்தை இல்லை. அப்படித்தான் நான் ஆரம்பித்தேன்.

அதன் பிறகு மருமகள் வந்தாள். தையலைப் பார்த்தாள். அந்தப் பெண்ணின் உடுப்பில் ரத்தம் இருந்ததைப் பார்த்தாள். "உன்னை நம்பித்தானடி விட்டுட்டுப் போனேன்" என்று அவள் கன்னத்தில் அறைந்தாள். அந்தப் பெண், "அக்கா, நான் மாடியில துணி…" என்று ஆரம்பித்து என்னைப் பார்த்தாள். நான் குழந்தையின் கவுனை மடித்துக்கொண்டிருந்தேன். மடித்ததைப் பிரித்து மறுபடியும் மடித்தேன்.

அதன் பிறகு ஆஸ்பத்திரியில் இருந்து தகவல் போய் நிலையத்தில் இருந்து ஒரு போலீஸ் ஐயா வந்தார். குழந்தையிடம் குனிந்து, "பாப்பா, பூனைக்கு யாரு நகம் வெட்டினது?" என்று கேட்டார். குழந்தை, "ஆயா" என்றது. ஐயா நிமிர்ந்து பார்த்தார். மருமகள், "பாத்துக்க வெச்ச ஆயாதான் சார், இதோ நிக்கிறா" என்றாள். ஐயா எழுதிக்கொண்டார்.

இதை விளக்க வேண்டும். என் அம்மாவைப் பெற்றவளை நாங்கள் ஆயா என்றுதான் கூப்பிடுவோம். என் பேத்தியும் என்னை அப்படிக் கூப்பிட வேண்டும் என்று எனக்கு ஆசை. மருமகள், "ஆயான்னா வேலைக்கு வர்றவங்களச் சொல்ற மாதிரி இருக்கு அத்தை, பாட்டின்னே கூப்பிடட்டும்" என்று மாற்றிவிட்டாள். அவள் முன்னால் குழந்தை என்னைப் பாட்டி என்கிறது. அவள் இல்லாத பகல் நேரத்தில் ஆயா என்கிறது. நான்தான் ரகசியமாகச் சொல்லிக்கொடுத்தேன். அந்தப் பெண்ணைக் குழந்தை ஒரு நாளும் ஆயா என்று கூப்பிட்டதில்லை, அக்கா என்றுதான் கூப்பிடும். இது அந்த வராந்தாவில் மூன்று பேருக்குத் தெரியும். ஒன்று குழந்தை, ஒன்று நான், இன்னொன்று அந்தப் பெண். ஐயா என் பக்கம் திரும்பி, நீங்கள் என்ன பார்த்தீர்கள் என்று கேட்டார். நான் சமையலறையில் இருந்தேன், குழந்தை சொன்னது சரி என்றேன். இரண்டும் உண்மை. அப்படிச் சொன்னபோது என் சாமர்த்தியத்தை நானே மெச்சிக்கொண்டேன் என்பதையும் எழுதுகிறேன். அதன் பிறகு ஐயா, அவள் வெட்டியதை நீங்கள் பார்த்தீர்கள் என்றே எழுதட்டுமா என்றார். ஆமாம் என்றேன். கையெழுத்துப் போட்டேன்.

புதன்கிழமை அந்தப் பெண்ணை வேலையை விட்டு நிறுத்திவிட்டதாக மகன் போனில் சொன்னான். நான் கேட்டுக்கொண்டு கீரை ஆய்ந்தேன்.

இன்று காலை மகனும் மருமகளும் வீட்டு வாசலில் யாரிடமோ பேசிக்கொண்டிருந்தபோது குழந்தை என் பக்கத்தில் வந்து படுத்தது. கன்னத்தில் கட்டுடன் என் காதில், "ஆயா, நான்தான் கையை விட்டுட்டேன். நல்லாப் பிடிக்கல. அம்மாகிட்ட சொல்லிடாத" என்றது. இரண்டு நாளாக அந்தப் பிள்ளை அதை மனதில் வைத்துக்கொண்டிருந்திருக்கிறது. தலையில் எண்ணெய் கூட வைக்காமல் பஸ் ஏறி இங்கே வந்தேன்.

அந்தப் பெண் வெளியே பெஞ்சில் அவள் அம்மாவோடு உட்கார்ந்திருந்தாள். அவள் அம்மா எழுந்து எனக்கு இடம் விட்டாள். நான் உட்காரவில்லை. அவளே, "முதலாளி கால் எப்படி இருக்கு?" என்று கேட்டாள். நக்கிக்கொண்டே இருக்கிறது என்றேன். "எந்த நகம்?" என்றாள். என் கட்டைவிரலைக் காட்டினேன். "அது கருப்பு நகமாச்சே. அதுல உள்ள எதுவும் தெரியாது. நானே அதை மட்டும் டாக்டரத்தான் வெட்டச் சொல்வேன். தூக்கிட்டுப் போய் மருந்து போடுங்க, சீழ் வெச்சிடும்" என்றாள். அதற்கு மேல் அவள் என்னிடம் எதுவும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் எனக்கு நன்றாக இருந்திருக்கும்.

அதன் பிறகு உள்ளே வந்து ரைட்டர் ஐயாவிடம் விஷயத்தைச் சொன்னேன். அவர் நல்ல மனதோடு, "பாட்டி, பொய் வாக்குமூலம்னு போட்டா உங்களுக்குத்தான் சிக்கல். வயசாயிடுச்சு, பதட்டத்துல ஞாபகம் தப்பிடுச்சு, இப்பதான் ஞாபகம் வந்ததுன்னு ஒரு வரி எழுதுங்க. அந்தப் பொண்ணும் வீட்டுக்குப் போயிடும், நீங்களும் போயிடலாம். வீட்லயும் ஒண்ணும் சொல்ல மாட்டாங்க" என்றார். பேனாவைப் பிடித்துக்கொண்டு யோசித்தேன். அப்படி எழுதினால் மகன் என்னைத் திட்ட மாட்டான், பாவம் அம்மா என்பான். மருமகளும் மன்னித்துவிடுவாள். ஆனால் எனக்கு ஞாபகம் தப்பவில்லை. செவ்வாய்க்கிழமை பதினொரு மணியில் இருந்து இந்த நிமிஷம் வரை ஒன்றும் மறக்கவில்லை. அந்த வரியை நான் எழுத மாட்டேன்.

அவள் மேல் உள்ள புகாரை எடுத்துவிட வேண்டும். என் மேல் என்ன எழுத வேண்டுமோ அதை எழுதிக்கொள்ளலாம். மகனையும் மருமகளையும் வரவழைத்து இதைக் காட்டும்படி கேட்டுக்கொள்கிறேன். என் வாயால் சொல்லத் தைரியம் இல்லை.

மேலே எழுதியிருப்பது நடந்தது நடந்தபடி. ஒருவரும் மிரட்டவில்லை, ஒருவரும் சொல்லிக்கொடுக்கவில்லை. எழுதி முடித்த பிறகு வாக்குமூலத்தைப் படித்துக் காட்டுவது முறை என்று ரைட்டர் ஐயா சொன்னார். நானே படிக்கிறேன் என்றேன். பெஞ்சில் இருப்பவளுக்கும் அவள் அம்மாவுக்கும் கேட்க வேண்டும் என்று அறைக் கதவைத் திறந்து வைக்கச் சொன்னேன். திறந்து வைத்தார்கள். முதல் வரியில் இருந்து கடைசி வரி வரை உரக்கப் படித்து, அதன் பிறகு கையெழுத்துப் போடுகிறேன்.

(கையொப்பம்)