மையவாடிப் பூட்டு

— பைய வே மீரான், பைய. மூச்சு வாங்குது பாரும். வாப்பாவ அடக்கிட்டா வாரீரு?

— அடக்க விடலியே அப்பாத்துரை அண்ணாச்சி. மையவாடி வாசல்ல பூட்டு தொங்குது. முனிசிபாலிட்டி சேவகன் குறுக்க நிக்கான். வாப்பாவத் தூக்கியாந்த சந்தூக்க எறக்கி வேலியோரம் வெயில்ல வச்சிருக்கோம்.

— ஆண்டவரே. எவன் பூட்டுனான்?

— அதத்தான் நானும் கேட்டேன், மெம்பருங்கிற தோரணையில. ‘எசமான், போன கூட்டத்துல நீங்கதான கை தூக்கி மூடச் சொன்னிய’ங்கான். ஜமாத்து பூரா கேட்டுக்கிட்டு நிக்கி. எங்க சின்ன வாப்பா என் மூஞ்சியப் பாத்துட்டுத் தலையக் குனிஞ்சுக்கிட்டாரு. வாப்பாவுக்குப் பதிலா நான் சந்தூக்குல கெடந்திருக்கலாம்னு இருந்துச்சு.

— மூடுததுக்கு என்ன காரணமாம்?

— ஊருக்குள்ள பொதைச்சா ஆத்துத் தண்ணி கெட்டு காலரா வருமாம். இனிமே ஊரத் தாண்டி, பொட்டக்காட்டுல போயித் தோண்டணுமாம். எங்க உம்மா இங்கல்லா கெடக்கா. அவ பக்கத்துலதான் வைக்கணும்னு வாப்பா எங்கிட்ட வாக்கு வாங்கியிருக்காரு.

— பொறவு ஏன் வே நீரு கை தூக்குனீரு?

— கூட்டம் பூரா இங்கிலீஷ்ல நடக்கு. எனக்கு ஒரு எழுத்து வெளங்காது. நீங்க தூக்குனா தூக்குவேன், எறக்குனா எறக்குவேன். இத்தன வருசமா அதான் என் உத்தியோகம். யார்ட்டயாவது கேக்கலாம்னா, சிரிப்பானுவளேன்னு வெக்கம்.

— ம்.

— நீங்க மிஷன் பள்ளிக்கூடத்துல படிச்சவிய. வேதக் கோயில்ல இங்கிலீஷ் பாட்டுப் பாடுதவிய. தாலுகா போர்டுல இருக்கிய, அடுத்தாப்ல மெட்ராஸ் சட்டசபைக்கு நிக்கிய. எந்திரிங்க. சீமை ராசா பட்டாபிஷேகத்துக்குப் பந்தல் போடுத எடத்துலதான் கலெக்டர் துரை நிக்காரு. நாலு வார்த்தை சொல்லிப் பூட்டத் தெறக்க வைங்க.

— அங்கன ஊர்ப் பெரியாளு அம்புட்டு பேரும் நிப்பாவளே வே. நாளைக்குப் பங்களாவுல வச்சு…

— நாளைக்கா? மையத்து வெயில்ல கெடக்கு அண்ணாச்சி.

— சரி, சாயந்தரமா ஒரு மனு எழுதி…

— எழுதித் தாரதுக்கா உங்க வீட்டுக்கு ஓடியாந்தேன்? துரை மொகம் சுளிச்சா மெட்ராஸ் போயிரும், அந்தப் பயந்தான? எவன் பூட்டுனான்னு ஒண்ணும் தெரியாத மாதிரி கேக்கிய. எங்க மையவாடின்னு வெளங்கித்தான நீங்க கை தூக்குனிய? பக்கத்து நாற்காலியில இருந்த எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா? எங்க வீட்டுல எத்தன நோம்புக் கஞ்சி குடிச்சிருக்கிய.

— கதவச் சாத்தும்.

— எதுக்கு?

— எம் பொஞ்சாதி கெசியா காதுல விழப்படாது. இது அவளுக்கே தெரியாது.

— சாத்திட்டேன். சொல்லுங்க.

— எனக்கு இங்கிலீஷ் தெரியாது வே.

— என்ன வெளையாடுதியளா?

— மூணாங் கிளாசோட நின்னவன் நான். பாட்டெல்லாம் நெட்டுருப் போட்டது. வேதக்காரன், கோட்டுப் போட்டிருக்கான், தெரியாமலா இருக்கும்னு எல்லாரும் நெனச்சாவ. நானும் இல்லங்கல. வாயத் தெறக்காம உக்காந்திருந்தேன். அடக்கமான மனுசன்னு சொல்லித் தாலுகா போர்டுக்கு அனுப்புனாவ. அங்கயும் வாயத் தெறக்கல. இப்ப மெட்ராசுக்கு அனுப்பப் போறாவ. நெனச்சா நாக்கப் புடுங்கிக்கிடலாம் போல இருக்கு.

— அப்ப இத்தன வருசமா யாரப் பாத்துத் தூக்குனிய?

— உம்மத்தான். நீரு யாவாரி, கேடு வந்தா மோந்துருவீருன்னு நம்புனேன். அன்னைக்கும் மொதல்ல கைய ஒசத்துனது நீருதான் வே. பாத்துக்கிட்டுத்தான இருந்தேன். நீரு தூக்கவும் நான் தூக்குனேன். என்னையப் பாத்து மத்தவன் பூரா தூக்குனான்.

— அன்னைக்கா? அன்னைக்குத் தொப்பி நழுவுச்சு அண்ணாச்சி. அதச் சரி பண்ணத்தான் கையத் தூக்குனேன்.