தொண்ணூறு டிகிரி

பழைய குட்டி மடிக்கணினிகளைத் தூக்கிப்போட எனக்கு மனசே வராது, ஐயா. அவற்றில் இருப்பது, செய்த கம்பெனியே கைகழுவிய கிராபிக்ஸ் சிப். புது சிஸ்டம் ஏற்றினால் படம் நகராது. அந்தச் சிப்பை ஆட்டிவைப்பது டிரைவர் என்கிற மென்பொருள். பழைய டிரைவரைப் பிரித்து, வரிவரியாகத் திருத்தி, அதில் சினிமாவே ஓடவைத்தேன். பதினான்கு மாத வேலை.

தங்கையின் புருஷனும் என் ரிப்பேர் கடையில்தான் உட்கார்ந்திருந்தான். ஒரு வரி படிக்கமாட்டான். நோகாமல் நகலெடுத்து, தன் பெயரைப் போட்டு இணையத்தில் ஏற்றிவிட்டான். ஆளாளுக்கு அவனைத் தலையில் தூக்கி வைத்து ஆடினார்கள். கேட்டேன்.

"என்ன மச்சான், நமக்குள்ள உன்னுது என்னுதுன்னு?" என்று இளித்தான். வெட்கங்கெட்டவன். அந்தப் பல்லை உடைத்திருக்கலாம். நான் நிதானமானவன்.

அடுத்த பதிப்பில் ஒரே ஒரு வரியை நீக்கினேன். சூடு தொண்ணூறு டிகிரியைத் தாண்டினால் சிப்பின் வேகத்தைக் குறைக்கிற வரி. அதை மேசைக் கணினியில் திறந்துவைத்துவிட்டு டீ குடிக்கப் போனேன். திரும்புவதற்குள் நகலெடுத்துக்கொண்டு போய்விட்டான். நாலு பேர் மெஷின் கருகி, அவன் மூஞ்சியில் காறித் துப்பட்டும் என்றுதான் நினைத்தேன்.

எதையும் அவன் முதலில் வீட்டு மெஷினில்தான் போட்டுப் பார்ப்பான். கால் முறிந்து கட்டுப்போட்டுக் கிடந்த தங்கை அதைப் போர்வைமேல் வைத்துப் படம் பார்ப்பாள். எனக்குத் தெரியாதா? தெரியும்.

மறுநாள் மதியம் போன் செய்தாள்.

"அண்ணா, படம் சூப்பரா ஓடுது. ஆனா அடியில கொதிக்குது. பேட்டரி வேற உப்பின மாதிரி இருக்கு. அவருக்குப் போன் போட்டேன், அணைச்சிடுன்னாரு. எதுக்கும் உங்கிட்ட கேட்டுக்கலாம்னு..."

அவள் அணைத்துவிட்டால் அவன் தப்பித்துக்கொள்வான். யாரையாவது பிடித்து அந்த வரியைச் சேர்த்துவிடுவான். மறுபடியும் அவனுக்கே பாராட்டு. நினைக்கவே உடம்பெல்லாம் எரிந்தது.

"புதுசுல அப்படித்தாம்மா இருக்கும். அவன் கிடக்கான், நீ பாரு" என்றேன்.

"நீ சொன்னா சரிண்ணா."

கட்டுப்போட்ட காலோடு அவளால் கட்டிலை விட்டு இறங்க முடியவில்லை என்கிறார்கள். பக்கத்து வீட்டார் கதவை உடைத்தபோது மெத்தை முழுக்க எரிந்திருந்தது.

அவனைப் பிடித்து உள்ளே வைத்திருக்கிறீர்கள். அதில் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. ஆனால் இன்றைய பேப்பரில், 'டிரைவரை எழுதிய கணவர் கைது' என்று போட்டிருக்கிறார்கள். அதைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை. நன்றாகக் குறித்துக்கொள்ளுங்கள். அதை எழுதியவன் அவன் இல்லை, ஐயா. நான்.