நாற்பது கோஸ், ஒரே டேக்

கிம்ச்சி என்கிற கோஸ் ஊறுகாய் போடுகிற நாளில் எங்கள் வீட்டில் சும்மா இருக்கிற கை என்னுடையது மட்டும்தான். கேமரா பிடிப்பதைச் சித்தி ஒரு வேலையாகச் சேர்த்துக்கொள்வதில்லை.

“டேய் கிஹ்வான், உன் போன படத்தை மொத்தம் எத்தனை பேரு பாத்தாங்க?”

“நூத்திப் பன்னெண்டு பேரு சித்தி.”

“அதுல நாங்களே ஒம்பது பேரு. வந்து கோஸைத் தூக்குடா.”

நான் எடுப்பவை வீட்டுக்குள் நடக்கும் சின்னப் படங்கள். அவற்றில் யாரும் சத்தமாக அழமாட்டார்கள். பார்ப்பவர்களும் சத்தமாகக் கைதட்டுவதில்லை. இந்த முறை அம்மாதான் கதாநாயகி. இடம், குன்சான் நகரில் எங்கள் வீட்டு மொட்டைமாடி. முந்தின நாளே உப்பில் ஊறிய நாற்பது கோஸ் காத்திருந்தன. மிளகாய் விழுது தடவிவிட்டால் மறுபடி எடுக்க முடியாது, அடுத்த நவம்பர்தான். அதனால் எல்லோருடைய கைபேசிகளையும் வாங்கி, பழைய ரைஸ் குக்கருக்குள் போட்டு மூடினேன். அம்மா மட்டும் தயங்கினாள்.

“அப்பாவைப் பத்தி ஆஸ்பத்திரியிலேந்து கூப்பிட்டா?”

“என் நம்பரும் அவங்ககிட்ட இருக்கும்மா. நான் பாத்துக்கறேன்.”

அப்பா ஆஸ்பத்திரியில் படுத்த இந்த மூன்று வருடமாக அம்மா வெளியூரில் ஒரு ராத்திரிகூடத் தங்கியதில்லை. கடைசி மூச்சின்போது அப்பாவின் கையைப் பிடித்திருக்க வேண்டும், அவ்வளவுதான் அவள் கேட்டது.

பதினொன்றே காலுக்கு என் போனில் செய்தி வந்தது. ‘மூச்சு மாறுகிறது. உடனே வாருங்கள்.’ ஆஸ்பத்திரிக்கு டாக்சியில் பத்து நிமிடம்.

அந்த நேரம் பார்த்து அம்மா ஒரு கோஸைத் தனியே எடுத்து, விழுது தடவாமல், பொடியாக நறுக்க ஆரம்பித்தாள். நான் எழுதாத காட்சி.

“அது யாருக்குக்கா?” என்றாள் சித்தி.

“அவருக்குத்தான். காரம் ஆகாது, மெல்லவும் முடியாது. வாசனையாவது பிடிக்கட்டும்.”

பாதியில் நிறுத்த எந்த இயக்குநருக்கு மனம் வரும்? ஐந்து நிமிடம் என்றுதான் நினைத்தேன். என் படங்களில் ஐந்து நிமிடம் நாற்பது நிமிடமாகும். விமர்சகர்கள் சொல்லும் குறையும் அதுதான். இரண்டாவது செய்தி வந்தபோது அவசரப்பட ஒன்றும் மிச்சமில்லை.

பிறகு அம்மாவிடம் சொன்னேன். அவள் கையுறையைக் கழற்றவில்லை. நறுக்கியதை டப்பாவில் போட்டு, மூடி சரியாக மூடியிருக்கிறதா என்று இரண்டு தடவை அழுத்திப் பார்த்தாள்.

“காத்துக்கிட்டு இருந்திருப்பாரு,” என்றாள். அப்புறம் என் முகத்தைப் பார்த்து, “நீயும் போனைப் பாக்கலை. உன்மேல என்னடா தப்பு,” என்றாள்.

படத்துக்கு விருது கிடைத்தது. அம்மா டப்பா மூடியை அழுத்திப் பார்க்கும் அந்தக் கடைசிக் காட்சி எப்படிச் சாத்தியமானது என்று விழாவில் கேட்டார்கள். கேமராவை நிறுத்த மறந்துவிட்டேன் என்றேன். அரங்கமே உருகிவிட்டது. அம்மாவும் அப்படியே நம்புகிறாள்.

எனக்கு மறதி அதிகம்தான், சித்தியைக் கேட்டால் சொல்வாள். ஆனால் அன்று அம்மாவிடம் விஷயத்தைச் சொல்வதற்கு முன், கேமராவின் பாட்டரியை மாற்றினேன். அவளை இரண்டடி நகர்ந்து வெயில் படுகிற இடத்தில் உட்காரச் சொன்னேன்.