சூரியன் வராத நாளுக்கு ஒரு முடிச்சு

நாளுக்குப் பேரே வைக்காத காலம் அது. மாசம் கிடையாது, தேதி கிடையாது. "எப்ப வருவே?" என்று கேட்டால், "வர்றப்ப வருவேன்" என்பார்களாம். அந்தக் காலத்தில், நம் ஒற்றைக்கடல் நாட்டில், நீலமேடு என்கிற இந்த ஊரில், உடையாச்சி என்று ஒருத்தி இருந்தாளாம். கிழிந்த வலைகளைச் சரிசெய்கிறவள்.

எதிரே நெடுந்திட்டு. கண்ணுக்குத் தெரியும், காலுக்கு எட்டாது. நடுவில் சுழிக்கடல், தோணி விட்டால் விழுங்கிவிடும். எப்போதாவது ஒரு நாள் விடியலில் கடல் விலகும். மணல்பாதை தெரியும். அரை நாள் கிடக்கும், மறுபடி மூடிக்கொள்ளும். என்றைக்கு விலகும்? யாருக்கும் தெரியாது. விலகினால் போவார்கள், விலகாவிட்டால் இருப்பார்கள்.

உடையாச்சிக்கு ஒரே மகள், சிட்டாள். பாதை திறந்த ஒரு நாளில் திட்டிலிருந்து வந்தார்கள், தாலி கட்டினார்கள், தண்ணீர் ஏறுமுன் கூட்டிக்கொண்டு போய்விட்டார்கள். அன்று சாயங்காலம் உடையாச்சி ஒரு கயிற்றை எடுத்து முடிச்சுப் போட்டாளாம். மறுநாள் இன்னொன்று. மகளைப் பார்க்காத நாளுக்கெல்லாம் ஒரு முடிச்சு. வேறு காரணம் இல்லை, மனசுதான்.

பாதை திறந்தால் புதுக்கயிறு. ஏழு கயிறு சேர்ந்ததும் எண்ணிப் பார்த்தாள். ஒவ்வொன்றிலும் முப்பத்துமூன்று! கூடவும் இல்லை, குறையவும் இல்லை.

அந்த ஏழாம் முறை, நாள்கணக்கில் அக்கரையில் காத்துக் கிடந்து, மருமகன் கடம்பன் தனியாக வந்தான். முகமே சரியில்லை.

"அத்தை, அவளுக்கு வயிறு கனத்துப்போச்சு. எங்க திட்டுல மருத்துவச்சி இல்ல. தலைப்பிரசவத்துல ரெண்டு பொண்ணுங்க செத்துட்டாங்க. வீட்டிலேர்ந்து கரைக்கு வரவே ஒரு பகல் ஆகுது. பாதை திறந்ததுன்னு தெரிஞ்சு கிளம்பினா, வந்து சேர்றதுக்குள்ள மூடிடுமே!"

"முப்பத்துமூணாம் நாள் திறக்கும், மாப்பிள்ளை. முதல் நாளே கிளம்புங்க. விடியும்போது கரையில நில்லுங்க. நான் மருத்துவச்சியோட வந்துடறேன்."

ஊர்ப் பெரியவர் கொம்பையாவுக்குச் சிரிப்பு அடங்கவில்லையாம். "ஏ உடையாச்சி, கடல் என்ன உன் வீட்டு ஆடா? கயித்தைப் பிடிச்சு இழுத்தா வந்து நிக்குமா?"

அவள் கயிற்றைக் கையில் எடுத்தாள். தினம் ஒரு முடிச்சு. தினம் ஒரு முடிச்சு.

நடுவில் வந்தது இருட்டு நாள். உங்களுக்குத் தெரியுமே, நம் நாட்டில் வருஷத்துக்கு ஒரு நாள் சூரியன் எழாது. அப்போதெல்லாம் அன்று கதவைச் சாத்திவிட்டு எல்லாரும் தூங்குவார்களாம். அடுப்பு மூட்டுவதில்லை, ஆடு கறப்பதில்லை. "சூரியனே வராதது ஒரு நாளா?" என்பார்கள். உடையாச்சியும் தூங்கினாள்.

முப்பத்திரண்டு முடிச்சு ஆன ராத்திரியே பக்கத்து ஊருக்குப் போனாள், முப்பத்துமூன்றாவதை அங்கேயே போட்டாள். மருத்துவச்சி சீலாயியை அழைத்துக்கொண்டு மறுநாள் விடிய வந்தாள். வந்தால், கடல் நிறைந்து கிடக்கிறது!

"உன் ஆடு நேத்தே வந்துட்டுப் போயிடுச்சு!" என்றார் கொம்பையா. ஊரே சிரித்தது.

எதிர்க்கரையில், அதே கணக்கில் அன்றைக்குத்தான் வந்து சேர்ந்த இரண்டு புள்ளிகள். அதில் ஒன்று வயிறு கனத்த புள்ளி என்று தாய்க்கு மட்டும் தெரிந்ததாம்.

உடையாச்சி மணலில் உட்கார்ந்து கயிற்றைத் தடவினாள். "எங்கே விட்டேன், சீலாயி? ஒரு நாளும் விடலையே!"

"இருட்டு நாள்ல போட்டியா அக்கா?"

"அது நாளே இல்லையே!"

"நீ தூங்கினே, நானும் தூங்கினேன். வயித்துப் பிள்ளை அன்னைக்கு வளராம நின்னுச்சா? அதுக்கு அதுவும் ஒரு நாள்தான்."

உடையாச்சி கையிலிருந்த கயிற்றைச் சுருட்டி வைத்தாளாம். பிறகு, "கடலுக்கும்தான்" என்றாள். பாதை திறந்து மூடிப்போன முந்தின நாளிலிருந்து எண்ணிப் புதுக்கயிறு போட்டாள். சீலாயியை ஊருக்கு அனுப்பவே இல்லை. திட்டுக்காரர்களும் வீடு திரும்பவில்லை. கரையிலேயே ஓலைக் குடிசை எழுந்தது.

முப்பத்துமூன்றாம் நாள் விடியல். தண்ணீர் இன்னும் முழங்கால் அளவு. பாதையே தெரியவில்லை. உடையாச்சி சீலாயியின் கையைப் பிடித்துக்கொண்டு இறங்கிவிட்டாள்.

"அடியே, சுழி இழுத்துடும்! திரும்பு!" கொம்பையா கத்துகிறார். இந்த முறை சிரிப்பு இல்லை.

அவள் ஒரு அடி வைத்தால் கடல் ஒரு அடி விலகியதாம். அடுத்த அடி, அடுத்த விலகல். பாதி வழியில் பாதம் மணலைத் தொட்டது. அக்கரை போனபோது குடிசையில் சிட்டாள் வலியில் துடிக்கிறாள். பிள்ளை குறுக்கே கிடந்தது. பாதை காயட்டும் என்று நின்றிருந்தால் இரண்டு உயிரும் போயிருக்கும் என்றாளாம் சீலாயி. பகல் சாய்வதற்குள் பெண்குழந்தை அழுதது. தாயும் கண் திறந்தாள்.

அடுத்த முப்பத்துமூன்றாம் நாள் உடையாச்சி மகளோடும் பேத்தியோடும் திரும்பி வந்தாள். கரையில் கூட்டம். முன்னால் கொம்பையா, கையில் ஒரு கயிறு. "எண்ணிப் பாரு தாயி, சரியா இருக்கா?"

அதிலிருந்துதான் நமக்கு மாசத்துக்கு முப்பத்துமூன்று நாள், வருஷத்துக்குப் பதினொரு கயிறு. விட்டுப்போன இருட்டு நாட்களையெல்லாம் வயசில் சேர்க்கச் சொன்னாளாம். அறுபது வயசுக் கொம்பையா ஒரே நாளில் அறுபது நாள் மூத்துப்போனார். அதற்கு மட்டும் கடைசிவரை முணுமுணுத்தாராம்.

இன்றைக்கும் இருட்டு நாளில் எல்லாரும் தூங்குகிறோம். ஆனால் நடுவில் ஒருவர் எழுந்து, விளக்கில்லாமல், விரலால் தடவி அந்த முடிச்சைப் போட்டுவிட்டுத்தான் மறுபடி படுப்பார். யார் வேண்டுமானாலும் போடலாம். மகளைத் தூரத்தில் கட்டிக்கொடுத்த வீடு என்றால் மட்டும், அம்மாதான் போட வேண்டும்.