வில்லுக்குக் கூட்டின பலம்

மூதூர்ப் படகுக்காக ஜெட்டியில் வரிசையில் நின்றேன். எனக்கு முன்னால் நின்ற இளைஞர் நண்பரிடம் சொன்னார்: "நேற்று அந்தப் பூதத்துக்கு விட்ட ஒரு அம்பும் படேல்லை மச்சான். கடைசியில அது என்னைத் திண்டிட்டுது."

பக்கத்தில் நின்ற ஒரு அம்மா கைப்பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டார்.

"பகடையில விழுந்த எண்ணோட என்னத்தைக் கூட்டினனீ?" என்று கேட்டார் நண்பர்.

"என்ர பலப் புள்ளியை. விளையாடத் தொடங்கின நாளில இருந்து அதைத்தானே ஏத்திக்கொண்டு வாறன்."

"பலம் வாளுக்கடா! வில்லுக்குக் கைவேகத்தையெல்லோ கூட்டவேணும்."

"கைவேகமோ? அது எனக்குச் சைபர்."

"விதிப் புத்தகம் வாசிக்கேல்லையோ?"

"அதில படம் மட்டும் பாத்தனான்."

வரிசை நகர்ந்தது. இளைஞர் நகரவில்லை.

"பிள்ளையள் ஒரு கூட்டல் பிழைவிட்டாலும் வகுப்புக்கு வெளியில விடுற கணக்கு வாத்தியார் மச்சான் நான்."

"ஓம், தெரியும்."

"அப்ப முந்தி நான் வில்லால விழுத்தின பூதங்கள்?"

"சரியாக் கூட்டியிருந்தா ஒண்டும் செத்திராது."

இளைஞர் விரல் மடக்கி எண்ணிப் பார்த்தார்.

"அப்ப இந்த முழு விளையாட்டிலயும் கணக்குப்படி செத்தது நான் ஒருத்தன்தான்."