பத்தொன்பதாவது ஆள்

...அந்த விதிப்புத்தகத்தைக் கொஞ்சம் மூடி வைங்க செயலாளர் ஐயா. ஓடிப் போயிடாது. ஓட்டுக்குப் போறதுக்கு முன்னாடி சபைக்கு ஒரு சின்னக் கதை சொல்லிடறேன். கதைன்னா... எனக்கு நடந்தது. நான் செஞ்சது.

இருபத்திரண்டு வருஷம் ஆச்சு. மெல்பர்னுக்கு வர்றதுக்கு முந்தி, டல்கூரான்னு ஒரு சின்ன ஊர்ல, பழத்தை டின்ல அடைக்கிற ஃபேக்டரியில இருந்தேன். ஆத்துக்கு இந்தப் பக்கம் டல்கூரா, அந்தப் பக்கம் மில்பேங்க். ஃபுட்பால்னு வந்துட்டா ரெண்டு ஊருக்கும் ஆகவே ஆகாது. இறுதிப் போட்டி வாரத்துல அக்கரை பேக்கரியில ப்ரெட் வாங்கினாக்கூட முறைப்பாங்க!

எந்த ஃபுட்பால்? இந்த நாட்டு ஃபுட்பால்ங்க. முட்டை மாதிரிப் பந்து. காலால உதைக்கலாம், கையாலயும் குத்தி அனுப்பலாம். பக்கத்துக்குப் பதினெட்டுப் பேர். எனக்கு ஒரு மண்ணும் புரியாது. ஆனா ஊர்ல நானும் ஒருத்தன்னு ஆகணுமே! டல்கூரா டீமுக்குத் தண்ணி பாட்டில் தூக்குற வேலையை வாங்கிக்கிட்டேன். தணிகாசலம்ங்கிற பேரை 'டானி'ன்னு சுருக்கிட்டாங்க. ஆட்டம் புரியாததால சும்மா ஆளை எண்ணிக்கிட்டிருப்பேன். இவங்க பதினெட்டு... அவங்க பதினெட்டு...

மில்பேங்க் டீம்ல க்ளென்னு ஒருத்தன். ஃபேக்டரியில எனக்குப் பக்கத்து மெஷின். முப்பத்தேழு வயசு. நாலு தடவை இறுதிப் போட்டி ஆடி நாலு தடவையும் தோத்தவன். 'இதுதான் கடைசி டானி, இதோட பூட்ஸைக் கழட்டிடுவேன்'னு சொல்லிக்கிட்டிருந்தான். அந்த வருஷம் என் மனைவிக்கு வலி வந்தப்போ என் கார் கிளம்பல. க்ளென் தான் அவன் வண்டியில அறுபது கிலோமீட்டர் கொண்டு போய் ஆஸ்பத்திரியில சேர்த்தான். அதோ மூணாவது வரிசையில உக்காந்திருக்காளே என் பொண்ணு... அவ பிறந்த கதை அது.

இறுதிப் போட்டி. இன்னும் பத்து நிமிஷம். மில்பேங்க் எழுபத்தொண்ணு, நாங்க நாப்பத்தெட்டு. கதை முடிஞ்சது. அப்போ க்ளென் விழுந்தான். முட்டி. கையைக் காட்டிட்டு நொண்டி நொண்டி வெளியே வர்றான். அவனுக்குப் பதிலா வர்றவன் அவசரப்பட்டு உள்ளே ஓடிட்டான். க்ளென் கோட்டைத் தாண்டணும்... இன்னும் அஞ்சு காலடி. அஞ்சே காலடி!

யாரும் பார்க்கல. நான் எண்ணினேன். பத்தொன்பது.

அந்த ஆட்டத்துல ஒரு பழைய விதி உண்டுங்க. எதிர் டீம்ல ஆள் கூடுதல்னு தோணினா, கேப்டன் கையைத் தூக்கி எண்ணச் சொல்லலாம். கூடுதலா இருந்துச்சுன்னா, அதுவரைக்கும் அவங்க எடுத்த பாயிண்ட் அத்தனையும் பூஜ்யம்!

நான் என்ன செஞ்சிருக்கணும்? பாட்டிலை மூடிக்கிட்டு நின்னிருக்கணும். செஞ்சேனா? ஓடினேன். எங்க கேப்டன் டேரன்கிட்ட தண்ணியை நீட்டி, 'டேரன்... பத்தொன்பது!'ன்னேன். அவன் கை மேல போச்சு. விசில். நடுவர் கத்துறார்: 'எவனும் வெளியே போகக் கூடாது! எல்லாரும் நடுவுல வந்து வரிசையா நில்லுங்க!'

க்ளெனுக்குக் கோடு ரெண்டே அடி. தாண்டியிருக்கலாம். தாண்டலைங்க. திரும்பி... அந்த முட்டியோட... மைதானத்தோட நடுவு வரைக்கும் நொண்டிக்கிட்டே வந்து வரிசையில கடைசியா நின்னான். நடுவர் ஒவ்வொரு தோளா தொட்டு எண்ணினார். பதினேழு... பதினெட்டு... க்ளென் தோள்ல கை வச்சார். பத்தொன்பது.

ஸ்கோர் பலகையில ஏழையும் ஒண்ணையும் கழட்டிட்டுப் பூஜ்யத்தை மாட்டினாங்க. கோப்பை எங்களுக்கு. என்னைத் தோள்ல தூக்கிட்டாங்க! 'டானி! டானி!'ன்னு ஊரே கத்துது. மூணு வருஷமா எதுக்கு ஏங்கினேனோ அது கிடைச்சது. தோள் மேலே இருந்து பார்க்கிறேன்... புல்லுல உக்காந்து ஒருத்தன் பூட்ஸ் கயித்தை அவுத்துக்கிட்டிருக்கான்.

திங்கக்கிழமை க்ளென் ஃபேக்டரிக்கு ஊன்றுகோலோட வந்தான். திட்டுவான்னு நினைச்சேன். திட்டினா நல்லாயிருக்கும்னு நினைச்சேன். 'நீ எண்ணினது சரிதான் டானி'ன்னான். அப்புறம், 'பாப்பா எப்படி இருக்கா?'ன்னு கேட்டான்.

நான் திரும்பி மெஷினைப் போட்டேன். மன்னிச்சுக்கோன்னு ஒரு வார்த்தை... ரெண்டு வருஷம் பக்கத்து மெஷின்ல நின்னும் என் வாயில வரல. ஊரை விட்டு வந்துட்டேன். போன மாசம் டேரன் போன் பண்ணினான். க்ளென் போயிட்டானாம். இனிமே யார்கிட்ட சொல்றது?

விதிப்படி சரியா? சரி. நூத்துக்கு நூறு சரி. அந்தச் சரியை வச்சுக்கிட்டு இருபத்திரண்டு வருஷமா நான் என்ன செய்யறேன்னு எனக்குத்தான் தெரியும்.

ஏன் இதைச் சொல்றேன்? நம்ம தமிழ்ச் சங்கத் தலைவர் பதவிக்கு ரெண்டு பேர் நிக்கிறோம். நானும் பூவராகன் அண்ணனும். அவர் மனு பத்து நிமிஷம் லேட்டு. ஏன் லேட்டு? அண்ணி ஐ.சி.யூ.ல இருந்தாங்க. அவர் அங்கேயிருந்து ஓடி வந்தார். 'விதி ஏழு, மனு செல்லாது, தணிகாசலம் போட்டியில்லாம ஜெயிச்சாச்சு'ன்னு என் ஆளுங்களே இப்போ கையைத் தூக்கிக்கிட்டு நிக்கிறாங்க.

தம்பிகளா... கையை இறக்குங்கப்பா. இன்னொரு தடவை என்னைத் தோள்ல தூக்காதீங்க. என்னைத் தோற்கடிக்கணும்னா ஓட்டுப் போட்டுத் தோற்கடிங்க, சந்தோஷமா வீட்டுக்குப் போறேன். உங்க வீட்லயும் யாராவது ஒருத்தர் நொண்டிக்கிட்டுத்தான் வந்துக்கிட்டிருப்பாங்க. எண்ணாதீங்க. அஞ்சு காலடி... தாண்டி வரட்டும்.

பூவராகன் அண்ணே, மேடைக்கு வாங்க. அண்ணி எப்படி இருக்காங்க?