கண்ணாடிக்கு அந்தப் பக்கம்

எனக்கு ஜோக் சொல்ல வராது சார். அது ஒன்றும் குற்றமில்லை.

கண்ணாடிக் கடையில் பெரிய ஷீட்டுகளை மாடிக்கு ஏற்றுவது எங்கள் வேலை. நானும் என் மனைவியின் தம்பியும் ஜோடி. மச்சானுக்கு நாள் முழுக்க வாய் ஓயாது. எங்கள் ஆட்களுக்குத் தெரிந்த ஜோக் எல்லாம் அடுத்தவனின் வழுக்கையையும் தொந்தியையும் கிண்டலடிப்பதுதான். இவன் தன்னையே கிண்டலடித்துக்கொள்வான். விரலில் வெட்டு விழுந்து கட்டோடு வந்தால், "கண்ணாடிக்கு என்மேல ஆசை மச்சான், கையப் பிடிச்சா விடமாட்டேங்குது" என்பான். முதலாளிகூடச் சிரிப்பார்.

அதே ஜோக்கை நான் கட்டுப் போட்ட கையோடு வீட்டில் சொன்னேன். என் மகளுக்கு ஆறு வயது. சிரிக்கவில்லை. கையைப் பிடித்துப் பார்த்து, "வலிக்குதாப்பா?" என்றாள். மாமன் சொன்னால் வயிற்றைப் பிடித்துக்கொண்டு உருளுகிறவள். எனக்கு எப்படி இருந்திருக்கும், நீங்களே சொல்லுங்கள்.

அவளுக்கு ரொம்பப் பிடித்தது வாயே திறக்காத ஜோக். மச்சான் ஜன்னலுக்கு வெளியே நின்று மூக்கையும் உதட்டையும் கண்ணாடியில் அழுத்துவான். மூக்கு பன்றி மூக்காக நசுங்கும். உதடு அட்டைப்பூச்சி மாதிரி விரியும். அவள் மூச்சு முட்டச் சிரிப்பாள். "அப்பா, நீ தள்ளு, மறைக்கிற" என்பாள். என் வீட்டு ஜன்னல். நான் பொருத்திய கண்ணாடி.

எங்கள் வேலையில் ஒரு கட்டுப்பாடு உண்டு. ஷீட் கையில் இருக்கும்போது ஜோக் கிடையாது. சிரித்தால் கை தளரும். ஒரு வாளித் தண்ணீரைத் தூக்கிக்கொண்டு சிரித்துப் பாருங்கள், தெரியும். மச்சான்கூட ஷீட்டைத் தொட்டதும் வாயைத் தைத்துக்கொள்வான். அடக்கி வைத்த சிரிப்பு சட்டென்று பீறிடும் என்பது எனக்குத் தெரியும்.

அன்றைக்கு மூன்றாவது மாடிக்கு ஏற்றினோம். படி திரும்பும் இடத்தில் ஷீட்டை நிமிர்த்தித்தான் திருப்ப முடியும். நான் மேல்படியில், அவன் கீழ்ப்படியில், நடுவில் கண்ணாடி. பாரம் முழுக்க அவன் பக்கம். "பாத்து மச்சான், மெதுவா" என்றான். நான் மூக்கையும் உதட்டையும் கண்ணாடியில் அழுத்தினேன்.

அவன் சிரித்தான் சார். நான் செய்து ஒருவர் அப்படிச் சிரித்து இந்தப் பிறவியில் பார்த்ததில்லை. "வேணாம் மச்சான், வேணாம்" என்று கெஞ்சிக்கொண்டே சிரித்தான். அவன் கை தளர்ந்தது. அதன் பிறகுதான் நான் விட்டேன். கொஞ்சம் தள்ளினேன் என்றும் எழுதிக்கொள்ளுங்கள்.

விபத்து என்றே எல்லோரும் நம்பினார்கள். நான் பேசாமல் இருந்திருக்கலாம். ஆனால் வீட்டில் சிரிப்புச் சத்தமே இல்லாமல் போய்விட்டது. ஒரு சாயங்காலம் ஜன்னலுக்கு வெளியே நின்று அதையே செய்து காட்டினேன். மகள் பார்த்தபடியே நின்றாள். "உன் மாமன் கடைசியா சிரிச்சது இதுக்குத்தாண்டா செல்லம். கையில ஷீட்டோட சிரிச்சான்" என்று சொன்னேன். அவள் போய் அம்மாவிடம் சொன்னாள். அம்மா உங்களிடம் வந்தாள்.

இந்த அறைக் கதவில் கண்ணாடி இருக்கிறது. நல்ல கண்ணாடி. பிள்ளையைக் கூட்டி வந்தால் அந்தப் பக்கம் நிறுத்துங்கள். அன்றைக்கு ஜன்னல் அழுக்காக இருந்தது, அதுதான் குறை. இங்கே சிரிப்பாள்.